உலாந்தாக்காரன் தருவான்

அவர் வாயில் 'ஒபிஸ்' என்ற சொல் வந்து நான் கேட்டதில்லை. எல்லாமே கந்தோர்தான். இத்தாலியில் தங்குவதற்கான பெர்மெஸ்ஸோ அட்டையைப் புதுப்பிக்க விடியவே போய் வரிசையில் நிற்கிற குவெஸ்தூரா, பொலிஸ் கந்தோர். பிறகு தபால் கந்தோர், வரிக் கந்தோர். எங்கள் பங்கில் பாதிரியார் ஞானஸ்நானத் துண்டு எழுதித் தருகிற சின்ன அறைகூட அவருக்குக் கந்தோர். இங்கேயே பிறந்த என் மகள் ஒருநாள், "கந்தோர் எண்டால் என்ன, மாமா?" என்று கேட்டுவிட்டாள். பிடித்துக்கொண்டார்.

"உலாந்தாக்காரன் தந்த சொல் பிள்ளை. காணி உறுதி எழுதுற நொத்தாரிசு அவன் தந்தது. காணியளைப் பதியிற தோம்பு அவன் தந்தது. மேசையிலை இழுக்கிற லாச்சி அவன் தந்தது. துட்டு எண்டு சொல்லுறமே, அது அவன்ரை செப்புக்காசு. கடன் கட்டேலாமல் கையை விரிக்கிறவனை வங்குறோத்து எண்டுறம், அந்தச் சொல்லும் அவன்ரைதான்."

"கக்கூசும் அவன் தந்ததுதானே, அண்ணை," என்றேன் நான்.

"ஓம்," என்றார் முகம் மாறாமல். "அதுக்கும் நன்றியாய் இருக்கவேணும்."

அவர் உலாந்தாக்காரன் என்கிற ஒல்லாந்தர், அதுதான் டச்சுக்காரர், யாழ்ப்பாணத்தை ஆண்டது எங்கள் பாட்டன்மாரின் பாட்டன்மாருக்கும் முந்திய காலம். அவர்களுக்காக இந்தக் காலத்திலும் வக்காலத்து வாங்கிய ஒரே தமிழர் இவராகத்தான் இருப்பார். பலேர்மோத் தமிழர் அவருக்கு 'உலாந்தா அண்ணை' என்று பட்டம் வைத்திருந்தார்கள். முன்னால் மரியாதை, பின்னால் சிரிப்பு. நானும் சிரித்தவள்தான். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

நாங்கள் இருவரும் பலேர்மோவின் பழைய பகுதியான கால்சாவில் ஒரே வீட்டில் வேலை செய்தோம். மூன்றாம் மாடி, மின்தூக்கி இல்லை. வீட்டுக்காரர் ஒரு காலத்தில் பாங்கில் பெரிய உத்தியோகம் பார்த்த கிழவர். படித்தவர் என்ற மரியாதைக்கு எல்லாரும் 'தொத்தோரே' என்று கூப்பிடுவார்கள். பாரிசவாதம் வந்து ஒரு பக்கமும் பேச்சும் போய்விட்டன. அவரைத் தூக்கி இருத்துவது, குளிப்பாட்டுவது, சவரம் செய்வது அண்ணையின் வேலை. சமையலும் துடைப்பும் என்னுடையவை. கிழவரின் அலுமாரி நிறையப் பாங்குகளின் வரலாறு. அதில் ஒல்லாந்தர் பணத்தைப் பற்றிய ஒரு தடித்த இத்தாலியப் புத்தகத்தை அண்ணை கண்டுபிடித்தார். அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு நாளுக்கு ஒரு பக்கம், கிழவருக்கே சத்தமாக வாசித்துக் காட்டுவார். இரண்டு வருடத்தில் பாதிப் புத்தகத்தைக்கூடத் தாண்டவில்லை. காய்ச்சல் நாள், லீவு நாள், கிழவர் வயிறு சரியில்லாத நாள் எல்லாம் கழிந்தால் அவ்வளவுதான் வரும்.

வாசித்துவிட்டு நேரே நான் சமைக்கிற குசினிக்கு வருவார், எனக்கு ஒப்புவிக்க.

"பிள்ளை, கேளன். அம்ஸ்டர்டாமிலை கப்பல் கம்பனி தொடங்கேக்கை ஊரிலை ஆர் வேணுமெண்டாலும் பங்கு போடலாமெண்டு புத்தகத்தைத் திறந்து வைச்சவங்கள். அதிலை ஒரு வீட்டு வேலைக்காரியின்ரை பேரும் இருக்கு. வேலைக்காரி! உன்னை மாதிரி, என்னை மாதிரி. எசமான் வீட்டு நிலம் துடைச்ச கையாலை போய்ப் பங்கு எழுதியிருக்கிறாள்."

"அவளுக்கு லாபம் குடுத்தவங்களோ?"

"எழுதினால் குடுக்கத்தானே வேணும்."

இதுதான் அவர். எழுதினால் குடுக்கத்தானே வேணும். இந்த ஒரு நம்பிக்கையை எடுத்துவிட்டால் அந்த மனிதரிடம் மிச்சம் ஒரு கண்ணாடியும் இரண்டு சேட்டும்தான். மழைக்கு என் குடையை வாங்கிக்கொண்டு போனால், 'ஒரு கறுப்புக் குடை பெற்றுக்கொண்டேன்' என்று துண்டு எழுதிக் கையெழுத்து வைத்து என் பையில் போடுவார். குடையைத் திருப்பித் தந்ததும் துண்டைக் கேட்டு வாங்கிக் கிழிப்பார். யாராவது வாயால் ஏதும் வாக்குக் கொடுத்தால், "அதை எழுத்திலை தாருங்கோ," என்பார். கோவில் பெருநாளுக்குப் பந்தல் போட்டுத் தருகிறேன் என்ற பெடியனிடமும் எழுத்தில் கேட்டுவிட்டார். பிறகு பந்தலும் இல்லை, பெடியனும் இல்லை. "பாத்தியே, எழுதித் தரேல்லை," என்று எனக்குத்தான் விளக்கம்.

இதற்கெல்லாம் அடியில் ஒரு தாள் இருந்தது. ஊரில் அவர் ஒரு நொத்தாரிசிடம் எழுதுவினைஞராக இருந்தவர். சண்டை நெருங்கி, ஊரே மூட்டை முடிச்சுடன் வெளிக்கிட்ட நாளில் நொத்தாரிசு கந்தோரைப் பூட்டினார். அந்த மாதச் சம்பளம் கொடுக்கக் கையில் காசு இல்லை. லாச்சியைக் கிளறி, எந்தக் காலத்திலோ யாரோ விட்டுப்போன ஒரு பழைய தாளை எடுத்து, "இந்தா, இதை வைச்சிரு. உலாந்தாக்காரன் தருவான்," என்றாராம். சிரித்துக்கொண்டுதான் சொல்லியிருப்பார். அண்ணை சிரிக்கவில்லை. கப்பலில் வெள்ளிக்காசு வந்து சேராத காலத்தில் அதே ஒல்லாந்தர் கப்பல் கம்பனி, காசுக்குப் பதிலாகக் கையெழுத்து வைத்துக் கொடுத்த தாள் அது. இத்தனை வெள்ளி தருவோம், கொண்டு வருபவருக்குத் தருவோம் என்று எழுதியிருந்ததாம்.

"கொண்டு வாறவனுக்கு," என்பார் அண்ணை, தாளை உறையிலிருந்து பாதி மட்டும் இழுத்துக் காட்டி. "பேர் கேக்கேல்லை. ஊர் கேக்கேல்லை. பெர்மெஸ்ஸோ கேக்கேல்லை. ஆர் கொண்டு போனாலும் குடுக்கவேணும்."

ஒருநாள் பல்லரோ சந்தையில் மீன் வாங்கிக்கொண்டு நின்றோம். மீன்காரன் போனில் யாரையோ திட்டிக்கொண்டு, 'பங்கரோத்தா, பங்கரோத்தா' என்று கத்தினான். அண்ணை நெத்தலியை விட்டுவிட்டு அவனைப் பிடித்துக்கொண்டார். அது என்ன சொல், எங்கிருந்து வந்தது என்று கேட்டார். மீன்காரன் தன் மீன் பலகையைத் தட்டி, 'இது பங்கோ' என்றான். முந்திக் காசு மாற்றுகிறவர்களும் இப்படித்தான் சந்தையில் பலகை போட்டு இருந்தார்களாம். கொடுக்கவேண்டியதைக் கொடுக்காதவனின் பலகையை உடைத்துப் போடுவார்களாம். உடைந்த பலகை, பங்கோ ரோத்தோ. சொல்லிவிட்டுப் பலகையில் மீன்வெட்டும் கத்தியால் ஒரு போடு போட்டுக் காட்டினான்.

அண்ணைக்குத் தலைகால் புரியவில்லை. "எங்கடை வங்குறோத்து இஞ்சை பிறந்தது பிள்ளை! இஞ்சையிருந்து உலாந்தாவுக்குப் போய், கப்பலேறி யாழ்ப்பாணம் போய், இப்ப எங்களோடை திரும்பி வந்திருக்கு." திரும்பி வரும் பேருந்திலும் எல்லாரும் பார்க்கும்படி சிரித்தார். மீன் நாறுகிற பையை மடியில் வைத்துக்கொண்டு நானும் சிரித்தேன். அந்த நாளை நினைத்தால் இப்போதும் எனக்கு அவர்மேல் ஆசையாகத்தான் இருக்கிறது.

இனி அவருடைய கடனைச் சொல்லவேண்டும். இத்தாலிக்கு வர, மனைவியின் சீதனக் காணியையும் வீட்டையும் ஊரில் ஒரு கடைக்காரரிடம் ஈடு வைத்தார். தவணைக்குள் மீட்காவிட்டால் காணி கடைக்காரருக்கே அறுதியாய்ச் சொந்தம் என்று உறுதிப் பத்திரத்தில் எழுதியிருந்தது. எழுதியதே இவர்தான். மனைவி அந்த வீட்டில்தான் தனியாக இருந்தார். அண்ணை முதலைச் சேர்த்துவிட்டார், தபால் கந்தோர்ப் புத்தகத்தில் அது இருந்தது. ஆனால் வட்டி குட்டி போட்டு முதலைவிடப் பெரிதாகிவிட்டது. கிழவர்களைத் தூக்கி இருத்திச் சம்பாதிக்கிற காசில் அதைப் பிடிக்க முடியாது. அவருக்கும் அது தெரியும்.

அந்த நேரத்தில்தான் புத்தகத்தில் ஒரு பக்கம் வந்தது. ஒல்லாந்தில் ஆற்று அணை கட்ட, கிட்டத்தட்ட நானூறு வருடத்துக்கு முன் ஆட்டுத்தோலில் எழுதிக் கொடுத்த ஒரு கடன் பத்திரத்துக்கு இன்றைக்கும் வட்டி கொடுக்கிறார்களாம். அண்ணை அதைக் கிழவருக்கு இரண்டு தரம் வாசித்தார். கிழவர் நல்ல கையைக் கட்டிலில் அடித்து என்னவோ சத்தம் போட்டார். "பாத்தியே, தொத்தோரேயும் ஓம் எண்டுறார்," என்றார் அண்ணை. ஓம் என்றாரா, வேண்டாம் என்றாரா? அந்த வீட்டில் ஒல்லாந்தர் கதையின் முடிவு தெரிந்த ஒரே ஆள் வாய் பேச முடியாதவர். எனக்கு இதெல்லாம் பிறகுதான் உறைத்தது.

தாளின் பிரதியை இங்கே ஒரு நொத்தாரிசிடம் காசு கட்டி உறுதிப்படுத்தி, ஒல்லாந்தில் இதற்குப் பொறுப்பான கந்தோருக்குக் கடிதம் எழுதினார். தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில்தான். கடைசி வரியை எனக்கும் வாசித்துக் காட்டினார். 'தயவுசெய்து ஆங்கிலத்தில் பதில் எழுதவேண்டாம். அது எங்கள் ஊரை உங்களிடமிருந்து பறித்தவர்களின் பாஷை. வாக்குத் தந்த பாஷையிலேயே எழுதவும்.' நான் விழுந்து விழுந்து சிரித்தேன். அந்த வரி இல்லாவிட்டால் எல்லாம் வேறு மாதிரி முடிந்திருக்கும்.

மார்கழியில், கிறிஸ்து பிறப்பு நத்தாருக்கு இரண்டு கிழமை முன் பதில் வந்தது. அவர் கேட்டபடியே, ஒல்லாந்து மொழியில், ஒரே ஒரு பக்கம், கீழே மையில் கையெழுத்து. அண்ணை குசினி மேசையில் விரித்து வைத்து விரலை ஓட்டினார்.

"இஞ்சை பார். கந்தோர். எங்கடை கந்தோர்தான், எழுத்துக் கூட்டிப் பார். கீழை நொத்தாரிசு. அப்பிடியே இருக்கு. பிறகு இதிலை, வரி முடியிற இடத்திலை, பாங்க். பாங்க் எண்டு வடிவாய் எழுதியிருக்கிறான்." அவர் கண் கலங்கியிருந்தது. "கந்தோரிலை முடிவெடுத்திட்டாங்கள். நொத்தாரிசின்ரை ஒப்பத்தை ஏற்கிறாங்கள். காசு பாங்கிலை வரும். மிச்சமெல்லாம் மரியாதைக்கு எழுதிறது."

"ஆரிட்டையும் குடுத்து வாசிப்பமே, அண்ணை? போனிலை படம் எடுத்தாலும் மாத்தித் தரும்."

"போன் சொல்லுறதுக்கு ஆர் கையெழுத்து வைக்கிறது?" என்றார். கிழவருக்குக் காட்ட உள்ளே போனார்.

கடிதம் மேசையில் கிடந்தபோதே நான் படம் எடுத்துவிட்டேன். கொடியில் உடுப்புப் போடும் சாட்டில் பல்கனிக்குப் போய்ப் பார்த்தேன். போன் தமிழ் ஆக்கியது கோணல் தமிழ்தான், ஆனாலும் விளங்கியது. உங்கள் கடிதம் எங்கள் கந்தோருக்குக் கிடைத்தது. நொத்தாரிசு உறுதிப்படுத்திய பிரதியையும் பார்த்தோம். அந்தக் கம்பனி வங்குறோத்தாகி இருநூறு வருடத்துக்கு மேல் ஆகிறது. இந்தத் தாளுக்கு இன்று எவரும் பணம் கொடுக்கக் கடமைப்பட்டவர் அல்லர். உங்கள் ஆர்வத்துக்கு நன்றி.

கடிதத்தில் வங்குறோத்து என்ற சொல் வரி முடிவில் இரண்டாக உடைந்திருந்தது. பாதி மேலே, பாதி கீழே. மேல் பாதி பாங்க். அவர் அதைத்தான் பார்த்தார்.

நான் சொல்லவில்லை. ஏன் என்று என்னைக் கேட்டால் பல காரணம் வைத்திருக்கிறேன். அன்றைக்கு அவர் கிழவருக்குச் சவரம் செய்யும்போது பாடிக்கொண்டிருந்தார், அது ஒரு காரணம். ஒரு கிழமையாவது சந்தோசமாக இருக்கட்டும் என்று நினைத்தேன். நான் சொன்னால் நம்பப்போகிறாரா, போனை நம்பாதவர் என்னையா நம்புவார் என்றும் நினைத்தேன். அந்தக் கடைசிக் காரணத்தைத்தான் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

நத்தாருக்கு அடுத்த நாள் ஊரிலிருந்து மனைவி போன் எடுத்தார். குசினியில் சத்தத்தைக் கூட்டி வைத்திருந்ததால் எனக்கும் கேட்டது. கடைக்காரருக்கு மகளின் கலியாணத்துக்கு அவசரமாய்க் காசு வேண்டுமாம். தை முடியமுன் முதலை மட்டும் கட்டினால் வட்டி முழுவதையும் விட்டுத் தருகிறேன், உறுதியைக் கிழிக்கிறேன் என்கிறாராம். இல்லாவிட்டால் தவணை முடிந்த காணி, விற்கப்போகிறாராம். அந்த மனுசி மூச்சு விடாமல் சொல்லி முடித்தார். முதல் இருக்கிறது. தபால் கந்தோர் இரண்டு தெரு தள்ளித்தான்.

"அப்பிடிக் கட்டேலாது," என்றார் அண்ணை.

நான் கையிலிருந்த சட்டியை வைத்துவிட்டேன்.

"வட்டியும் எழுதினதுதானே. நான் எழுதிக் குடுத்த தாளைக் குறைச்சுக் கட்டினால், உலாந்தாக்காரன் தன்ரை தாளைக் குறைக்கமாட்டானே? குறைச்சுக் கட்டிறவனும் வங்குறோத்துத்தான். காசு வரும். முழுசாய்க் கட்டுவன்."

"அண்ணை, கட்டுங்கோ," என்றேன். "கையிலை இருக்கிறதைக் கட்டுங்கோ."

"நீயும் பாத்தனிதானே கடிதத்தை?"

அப்போது சொல்லியிருக்கலாம். தை முடிய இன்னும் எத்தனையோ நாள் இருந்தது. பொங்கல் போனது, பிறகு ஒவ்வொரு ஞாயிறும் பூசையில் இன்றைக்குச் சொல்லுவேன் என்று நேர்ந்துகொண்டு வருவேன். திங்கள் அவர் சிரித்த முகத்தோடு கதவைத் திறப்பார். நான் தேத்தண்ணி போடுவேன். தை முடிந்தது. கடைக்காரர் காணியை விற்றார். மாசி முடியமுன் அந்த மனுசி இரண்டு பெட்டியோடு தங்கச்சி வீட்டுக்குப் போனார். ஆடு கட்டுகிற சாய்ப்புப் பத்தியை மறைத்து ஒரு அறை கொடுத்தார்களாம். போனில் அழவில்லை. "உங்கடை உலாந்தாக்காரன் வந்திட்டானோ?" என்று மட்டும் கேட்டார். பிறகு, "அந்தக் கடிதத்தை வாசிக்கத் தெரிஞ்ச ஒராளிட்டையாவது ஒருக்காக் காட்டுங்கோ," என்றார்.

அதனால்தான் துறைமுகத்துக்குப் போனோம். ஆனால் அதற்குப் பிறகு நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். துறைமுகத்தில் நடந்ததைச் சொன்ன பிறகு என்னால் வேறொன்றும் சொல்ல முடியாது. அந்தக் கோடையில் தொத்தோரே செத்துப்போனார். பிள்ளைகள் வந்து வீட்டைப் பூட்டினார்கள். அலுமாரிப் புத்தகங்களைப் பெட்டி பெட்டியாக யாரோ நிறுத்து வாங்கிப் போனான். அண்ணை நேப்பிள்ஸ் கப்பலேறி வடக்கே போனார். ஒரு உணவுக்கடையில் கோப்பை கழுவுகிறார் என்று முதலில் சொன்னார்கள், பிறகு அங்கேயும் இல்லை என்றார்கள். போவதற்கு இரண்டு நாள் முன் தெருவில் கண்டேன். எங்கே என்று கேட்டேன். "குவெஸ்தூரா ஒபிஸுக்கு," என்றார். ஒபிஸுக்கு. என்னால் அங்கே நிற்க முடியவில்லை.

பங்குனியில் ஒரு காலை, பெரிய உல்லாசக் கப்பல் ஒன்று வந்திருந்தது. அண்ணை இஸ்திரி போட்ட வெள்ளைச் சேட்டில், கடிதத்தைப் பிளாஸ்டிக் உறையில் வைத்துக்கொண்டு நின்றார். என்னைத் துணைக்குக் கூட்டிப் போனார். இறங்கி வருகிற ஒவ்வொரு கூட்டத்தையும் பார்த்து, "ஒல்லாந்தா? ஒல்லாந்தா?" என்று கேட்டார். எதையோ விற்கிறார் என்று நினைத்துக் கையை ஆட்டிவிட்டுப் போனார்கள். கடைசியில் நரைத்த, நெட்டையான ஒரு மனுசி நின்றார். ஓம், நான் ஒல்லாந்து என்றார்.

முதலில் உங்கள் பாஷையில் சத்தமாக வாசியுங்கள், பிறகு கருத்துச் சொல்லுங்கள் என்று அண்ணை ஆங்கிலத்தில் கேட்டுக்கொண்டார். அந்தப் பாஷையை ஒரு மனிதர் பேசி அவர் கேட்டது அதுதான் முதல் தரம். அந்த மனுசி கண்ணாடி போட்டுக்கொண்டு நிதானமாக வாசித்தார். கந்தோர் வந்தது. அண்ணை என்னைப் பார்த்துத் தலையை ஆட்டினார். நொத்தாரிசு வந்தது. சிரித்தார். பிறகு அந்த மனுசி வரி முடிவில் நிற்காமல், யாரும் வாசிக்கிற மாதிரி, இரண்டு பாதியையும் சேர்த்து ஒரே சொல்லாக வாசித்தார். மொழிபெயர்க்கத் தேவையே இருக்கவில்லை. ஊரில் கடைத்தெருவில் எத்தனை தரம் கேட்ட சொல்.

அண்ணை கையை உயர்த்தினார். "போதும்," என்றார் தமிழில். அந்த மனுசிக்கு விளங்கவில்லை, தொடர்ந்து வாசித்தார். அவர் முடிக்கும்வரை அண்ணை மரியாதைக்கு நின்றார். கருத்தைக் கேட்கவில்லை. கடிதத்தை வாங்கி மடித்து, நன்றி சொல்லி, குனிந்து கும்பிட்டும் விட்டார்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. அதுதான் காட்டிக்கொடுத்தது. அந்தப் பாஷை தெரியாதவள் அழ என்ன இருக்கிறது?

"உனக்கு முதலே தெரியுமோ, பிள்ளை?"

"ஓம் அண்ணை."

"எப்ப?"

"வந்த அண்டைக்கே. போனிலை பாத்தனான்." கண்ணைத் துடைத்தேன். "எழுத்திலை இல்லாததை நீங்கள் நம்பமாட்டியளெண்டு… போன் சொல்லுறதை, நான் சொல்லுறதை…"

அவர் கோபப்படவில்லை. கடிதத்தைச் சேட்டுப் பையில் வைத்தார்.

"நீ வாயாலை சொல்லியிருந்தால் நம்பியிருப்பன்," என்றார்.